இலேனியாவின் காற்று

மே 6
இன்றும் தரை பெருக்கப் போய்விட்டான் ப்ரொகோலோ. கல்யாணமான நாளிலிருந்து இந்த வீட்டில் துடைப்பத்தைத் தொட்டதில்லை. ஆனால் கடலுக்கடியில் ரோமாபுரிப் பணக்காரன் எவனோ விட்டுப்போன மாளிகையில் மணலைக் கையால் விசிறி ஒதுக்கி, சின்னச் சின்ன வண்ணக் கல் பதித்த மொசைக் தரையைச் சுற்றுலாக்காரர்களுக்குக் காட்டுகிறான். காட்டியதும் மறுபடி மணல் போட்டு மூடவேண்டும். இல்லாவிட்டால் அலை கல் கல்லாகப் பெயர்த்துவிடும்.

மூடுவதற்கு இப்போது துணை வேறு. புது வழிகாட்டி இலேனியா, நேப்பிள்ஸில் படித்தவள், வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. காது சவ்வு கிழிந்ததால் நான் இறங்கக்கூடாது. கரையில் எங்கள் கடையில், அவர்கள் முதுகில் மாட்டிக்கொண்டு இறங்கும் சிலிண்டர்களுக்குக் காற்று நிரப்புகிறேன்.

மே 9
சாப்பிடும்போதும் அவள் பேச்சுதான். “அந்த மொசைக் அறை படுக்கையறையா இருக்கும்னு இலேனியா சொல்றா.”

“நம்ம படுக்கையறைச் சுவர் வெடிச்சிருக்கு. அத யாரு பாக்குறது?”

“பாக்கலாம்.”

போன வாரம் பூமி ஆடியதில் விட்ட விரிசல். அந்த ரோமாபுரி ஊரைக் கடலுக்குள் இறக்கிய அதே மண் இப்போது எங்கள் ஊர் போட்சுவோலியை மேலே தூக்குகிறது. அது எழும்பும், என் வீடு இடியும். அவனுக்கு என்ன?

மே 10
பொறாமைதான். எழுதிவிட்டேன், போதுமா?

மே 14
படகுக்கார மிம்மி பல்லைக் காட்டினான். “என்ன நுன்சியா, உன் வீட்டுக்காரன் புது வீடு பாத்துட்டானாமே?”

என் முகம் போன போக்கைப் பார்த்து, “பயப்படாத, தண்ணிக்குள்ளதான்” என்றான்.

புதிதாக ஓர் அறை. தரையில் ஆக்டோபஸ், மீன் உருவங்கள். இருவரையும் அதைப் படம் வரையச் சொல்லியிருக்கிறதாம் தொல்லியல் அலுவலகம். என்னிடம் ஒரு வார்த்தை இல்லை. ஊருக்கே தெரிந்த பிறகு எனக்கு.

மே 15
இலேனியாவின் சிலிண்டரைக் குறைத்து நிரப்பினேன். ஆழம் அதிகமில்லை, ஆபத்தில்லை. சீக்கிரம் மேலே வருவாள், அவ்வளவுதான்.

மீட்டரைப் பார்த்தாள். “கம்மியா காட்டுதே அக்கா?”

“சூடா நிரப்புனது. காத்து ஆறுனா முள்ளு இறங்கும்.”

“நீங்க சொன்னா சரி.”

நம்பிவிட்டாள். அதுவும் எரிச்சலாக இருந்தது.

மே 16
இன்றும் குறைத்தேன். ஜோடியாக இறங்கியவர்கள் ஜோடியாகத்தான் ஏறவேண்டும். அவனும் சீக்கிரம் வந்து வீட்டில் சாப்பிட்டான். மட்டிச் சிப்பி போட்டு ஸ்பகெட்டி செய்தேன். இரண்டாம் முறை கேட்டு வாங்கினான்.

மே 20
கொஞ்சம் அதிகமாகக் குறைத்துவிட்டேன்.

இலேனியாவுக்குக் கீழேயே காற்று தீர்ந்திருக்கிறது. ப்ரொகோலோ தன் சிலிண்டரிலிருந்தே அவளுக்கு மூச்சு கொடுத்து, கட்டிப்பிடித்து மேலே கொண்டுவந்தான். ஒரே காற்றை ரெண்டு பேரும்— நான்தானே செஞ்சு குடுத்தேன், இதையும்.

அந்த அவசரத்தில் புது அறைத் தரையை மணல் போட்டு மூடவில்லை. திரும்பப் போவதற்குள் தென்மேற்குக் காற்று எழும்பிவிட்டது. படகை எடுக்க முடியவில்லை.

மே 22
கடல் அடங்கியதும் போய்ப் பார்த்தார்கள். பாதித் தரை இல்லை. ப்ரொகோலோ குளியலறையில் அழுதான். தன் அப்பா சாவுக்கு அழாதவன். எனக்கு அப்போதும் பொறாமைதான் வந்தது. என்ன ஜென்மமோ நான்.

மே 26
அலுவலகத்தில் இலேனியா பழியைத் தன் மேல் போட்டுக்கொண்டாளாம். வழிகாட்டி அட்டையையும் திருப்பிக் கொடுத்துவிட்டாள். மாலை கடைக்கு வந்து என்னைக் கட்டிக்கொண்டாள்.

“எனக்குக் கடல் ஒத்துக்கல அக்கா. மூச்சு ரொம்ப இழுக்குறேன் போல.” பிறகு ப்ரொகோலோவிடம், “என் சிலிண்டர்தான் தினமும் ஆறி இறங்கிடும். அக்காகூடச் சொன்னாங்க” என்றாள்.

அவன் சிலிண்டர் ஒருநாளும் அப்படி இறங்கியதில்லை. அவன் என்னைப் பார்த்தான்.

சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். “காப்பி குடிக்கிறியா?” என்றுதான் வந்தது. குடித்துவிட்டுப் போனாள்.

இரவு அவன் சாப்பிட்டுவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டான். கேட்டிருக்கலாம்.

மே 28
காலையில் ப்ரொகோலோ தன் சிலிண்டரைத் தானே நிரப்பினான். நான் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். மீட்டரைத் தட்டிப் பார்த்தான். மறுபடி ஒரு தடவை பார்த்தான். பிறகு தூக்கிக்கொண்டு படகுக்குப் போனான்.