இரண்டாவது குறியீடு

டொக்டர் கேட்டபோது "ஆமாங்க" என்று ஏன் சொன்னீர்கள், அண்ணா? எனக்கு இன்றுவரை தெரியவில்லை. நீங்கள் சொன்ன காரணத்தை நான் முழுதாக நம்பியதில்லை. இன்று எங்கள் ஆஸ்பத்திரிப் பதிவு அறையின் ஜன்னல் கம்பிகளுக்குப் பெயின்ட் அடித்தார்கள். தின்னர் வாசனை உள்ளே வந்ததும் அந்தக் கேள்வியும் கூடவே வந்தது.

அந்த வாசனையோடுதான் நீங்கள் பூனாகலைத் தேயிலைத் தோட்டத்துக்கு வருவீர்கள். பண்டாரவளை கராஜில் வெலிமடை மரக்கறி லொறிகளுக்கு ஸ்பிரே அடித்துவிட்டு, ஒட்டிய பெயின்டைத் தின்னரிலேயே கழுவிக்கொண்டு பஸ் ஏறுவீர்கள். பக்கத்து சீட்டில் யாரும் உட்காரமாட்டார்கள். "நமக்குத் தனி பஸ்ஸு" என்பீர்கள். ஸ்பிரே அடிக்கும்போது முகத்தில் கட்ட வேண்டிய துணி பாதி நேரம் கழுத்தில்தான் கிடக்கும்.

பிறகு கை நடுங்கத் தொடங்கியது. நிறம் கலக்கும்போது எதை ஊற்றினீர்கள் என்பது மறந்துபோனது. நடையும் தள்ளாடியது. வரிசை வீடுகளான நம் லயத்தில் யாரும் அதிகம் யோசிக்கவில்லை. "என்னண்ணே, காலையிலேயே ஏத்தியாச்சா?" என்று பக்கத்து வீட்டுக்காரர் கேட்பார். திருவிழாவில்கூட ஒரு மிடறு தொடாத நீங்கள் சிரித்துக்கொண்டே போவீர்கள். அண்ணிதான் வாசலில் நின்று, "ஒங்க வீட்டு போத்தல மொதல்ல எண்ணுங்க" என்பார்.

நான் வேலை செய்யும் ஆஸ்பத்திரியிலேயே உங்களைச் சேர்த்தோம். டொக்டர் யாழ்ப்பாணத்துக்காரர், பொறுமையான பெண். நானும் அண்ணியும் கட்டிலருகில் நின்றோம்.

"நீங்கள் குடிக்கிறனீங்களோ?"

"ஆமாங்க."

"கன காலமாவோ?"

"ஆமாங்க."

அவர் எழுதிக்கொண்டு அடுத்த கட்டிலுக்குப் போனார். "என்னாங்க இது, யாரு குடிச்சா?" என்றார் அண்ணி. "இல்லன்னா மறுபடி மறுபடி கேப்பாங்க. ஆமாங்கன்னா விட்டுருவாங்க" என்றீர்கள். காலைப் பெரட்டில் ஆட்களைக் கூப்பிட்டு நிறுத்தும்போது கங்காணி எதைக் கேட்டாலும் நம் அப்பாவும் அதைத்தான் சொல்வார், கேட்டவர் நகர்ந்துவிடுவார். ஆனால் உங்கள் விஷயத்தில் அது மட்டும்தானா? கராஜ் முதலாளியைக் காட்டிக்கொடுக்க மனம் வரவில்லையா? ஊரே சொன்னதை நீங்களும் நம்பத் தொடங்கிவிட்டீர்களா? கேள்வியே மனதில் நிற்கவில்லை என்பதும் சாத்தியம்.

நான் டொக்டரின் பின்னால் போய், "அண்ணன் குடிக்கிறதில்ல டொக்டர். தின்னர்ல வேல செய்றவரு" என்றேன்.

"வீட்டு ஆக்கள் எல்லாரும் இல்லையெண்டுதான் சொல்லுறவை, மிஸ். இவர் தானே ஓமெண்டுறார்." ஆனாலும் திரும்பி வந்து இன்னொரு முறை கேட்டார். நீங்கள் இன்னொரு முறை "ஆமாங்க" என்றீர்கள்.

என் வேலை என்னவென்று பலமுறை கேட்டிருக்கிறீர்கள். டிக்கெட்டில், அதாவது நோயாளியின் சிகிச்சைக் குறிப்புத் தாளில், டொக்டர் எழுதிய நோய்க்கு உரிய குறியீட்டு எண்ணைப் போடுவது. இரசாயன நஞ்சு விட்டுச்சென்ற கோளாறு என்றால் இரண்டு எண்கள். உடம்பில் என்ன தங்கியிருக்கிறது என்பதற்கு முதலாவது. எதனால் என்பதற்கு இரண்டாவது. டொக்டர் எழுதாத காரணத்துக்கு நான் எண் போட முடியாது. அந்த விதி சரி என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். ஒவ்வொரு தங்கையும் தான் நம்புவதற்கு எண் போட்டால் பதிவுக்கு என்ன மதிப்பு? தின்னர்தான் காரணம் என்று என்னாலும் நிரூபிக்க முடியாது. குடி இல்லை என்பது மட்டும் தெரியும். உங்கள் டிக்கெட்டில் மதுவுக்குரிய எண்ணைப் போட்டேன். போன மழைக்காலத்தில் நீங்கள் இறந்தபோது சாவு வீட்டிலும் குடியைப் பற்றித்தான் பேசினார்கள். அண்ணி அன்று வாசலுக்கே வரவில்லை.

இன்று அந்த வாசனைக்கு நடுவே கொஸ்லந்தக்காரர் ஒருவரின் டிக்கெட் வந்தது. தொழில் பெயின்டர். கை நடுக்கம், மறதி. காரணம் மது. வீட்டுக்கு அனுப்பி, நாளை கிளினிக்குக்கு வரச் சொல்லியிருந்தது. எண் போடாமல் தனியாக எடுத்து வைத்தேன். குடிதான் காரணம் என்று முடிந்துவிட்டால் அவர் மறுபடியும் அதே வேலைக்குத்தான் போவார்.

இந்த மடலை இந்த இடத்தில் நிறுத்தியிருந்தேன். மறுநாள் நடந்தது இது.

கிளினிக்கில் அதே டொக்டர். விஷயத்தைச் சொன்னேன். "சரி மிஸ், நீங்களே கேளுங்கோ" என்றார். ஆம் இல்லை என்று முடிந்துவிடும் கேள்விகளை நான் இப்போது யாரிடமும் கேட்பதில்லை; அது உங்களிடமிருந்து எனக்கு வந்த பழக்கம். கொஸ்லந்தக்காரர் வந்து உட்கார்ந்ததும், வேலை எப்படி நடக்கும், சொல்லுங்கள் என்றேன்.

"கராஜுல ஸ்பிரேங்க. தூசி ஒட்டிரும்னு கதவ சாத்திட்டுத்தான் அடிக்கணும். வெளிய வந்தா தல சுத்தும். தின்னர்ல கழுவுனாத்தான் கை வெளுக்கும். ஊர்ல குடிச்சிருக்கேன்னு சொல்றாங்க. குடிச்சா வாந்திதாங்க வரும் எனக்கு."

"அண்டைக்குக் குடிக்கிறனீங்களோ எண்டு கேக்க ஓமெண்டனீங்களே?" என்றார் டொக்டர்.

"ஆமாங்க."

டொக்டர் என்னை ஒருமுறை பார்த்தார். டிக்கெட்டில் மது என்றிருந்ததை அடிக்கவில்லை. பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டார். கீழே, நீண்டகாலத் தின்னர் பாதிப்பு என்று எழுதிக் கையெழுத்திட்டார். நான் தின்னருக்குரிய இரண்டாவது எண்ணையும் போட்டேன். உங்களுடையதில் பழைய எண்தான் இருக்கிறது.

"இனி அந்த வேலைக்குப் போகக் கூடாது, விளங்குதோ?"

"ஆமாங்க" என்று எழுந்தார் அவர்.

நான் வராந்தா வரை கூடவே போனேன். "அத விட்டா வேற என்ன வேல தெரியும் ஒங்களுக்கு?" என்று கேட்டேன்.

அவர் நின்றார். இந்தக் கேள்விக்கு "ஆமாங்க" பொருந்தாது; வாங்கில் உட்கார்ந்து, தெரிந்த வேலைகளை விரல்விட்டு எண்ணத் தொடங்கினார்.