கடைசிப் படகு

அன்பின் மகளுக்கு,

உன்னட்டை இருந்து ஒஸ்லோவுக்குத் திரும்பி வந்து ஒரு கிழமையாச்சு. தோள்மூட்டு நோ இன்னும் போகேல்லை. அம்மா எண்ணெய் பூசப் பூச, நான் அரிசோனாப் பாலைவனத்து வெயிலையும், ஆத்துக்கு ரெண்டு பக்கமும் நிமிர்ந்து நிண்ட சிவப்பு மலையையும் பற்றித்தான் கதைக்கிறன்.

இஞ்சை இருபத்தேழு வருசம் பஸ் ஓடினவனுக்கு ஒரு சின்னக் கயாக் படகிலை என்ன சொல்லித்தரக் கிடக்கு எண்ட நினைப்பிலைதான் ஏறினனான். முதல் வளைவிலேயே பாறையிலை இடிச்சன். வழிகாட்டியா எல்லாருக்கும் இங்கிலீசிலை வழி சொல்லிக்கொண்டு முன்னுக்குப் போன நீ, திரும்பிப் பாத்து, "அப்பா, இடுப்பை இறுக்காதேங்கோ, தளர விடுங்கோ" எண்டாய்.

நான் அங்கை வந்திறங்கி ரெண்டு நாளாக் கேக்காத சொல்லு, அந்த "அப்பா." தளர விட்டன். படகு தன்ரைபாட்டிலை நேராப் போச்சுது.

சனிக்கிழமை இஞ்சை பக்கத்திலை, லோறென்ஸ்கூக்கிலை ஒரு கலியாணம். அங்கை கண்ட இரவீந்திரன் வழக்கம்போலை, "மகள் டொக்டருக்குப் படிச்சு முடிச்சிட்டாவோ?" எண்டு கேட்டார். நீ அந்தப் படிப்பை விட்ட பிறகும் நாலு வருசமா நான் "கடைசி வருசம்" எண்டு சொல்லித் திரிஞ்சது உனக்குத் தெரியும். அதைக் கேள்விப்பட்ட பிறகுதான் நீ போன் எடுக்கிறதை விட்டனி.

இந்தமுறை நீ அனுப்பின படத்தை எடுத்துக் காட்டினன். முன்னுக்கு நீ, உனக்குப் பின்னாலை பன்னிரண்டு படகு.

"எல்லாம் முதல்முதல் துடுப்புப் பிடிக்கிற ஆக்கள். என்ரை பிள்ளை சொல்லுற பக்கம்தான் அவ்வளவும் திரும்பும்" எண்டன். கொஞ்சம் சத்தமாத்தான் சொன்னனான். பக்கத்து மேசையும் திரும்பிப் பாத்தது.

"இதிலை நீங்கள் எங்கை?" எண்டார்.

கடைசிப் படகைக் காட்டினன்.

உன்ரை,
அப்பா