இயல்பறம் என்ற சொல்

பிப்ரவரி 11

மூன்றாம் அத்தியாயம் முடிந்தது. மாலை முழுவதும் ஒரே ஒரு சொல்லில் சிக்கிக் கிடந்தோம், நானும் வக்கீலும். சட்டம் படித்துவிட்டுத் தத்துவத்துக்கு வந்தவர் என்பதால் துறையில் அவருக்கு அந்தப் பெயர்.

ராஜாக்களும் அரசுகளும் போடும் சட்டங்களுக்கு மேலே, யாரும் எழுதாத, எல்லா ஊருக்கும் பொதுவான சட்டம் ஒன்று உண்டு. பகுத்தறிவு உள்ள எவரும் அதைக் கண்டுகொள்ளலாம். மேற்கில் இரண்டாயிரம் வருடங்களுக்கு மேல் நடந்த இந்த வாதத்தின் வரலாற்றைத்தான் மாணவர்களுக்காக எழுதுகிறோம். அதற்குத் தமிழில் ஒரு பெயர் வேண்டும்.

அவர் "இயற்கை விதி" என்றார்.

"விதின்னா பாதிப் பேர் தலைவிதின்னு படிப்பாங்க சார். மீதிப் பேர் கல்லு ஏன் கீழ விழுதுன்னு படிப்பாங்க."

"சரி, இயற்கைச் சட்டம்?"

"வனத்துறை போட்ட சட்டம் மாதிரி இருக்கு."

சிரித்தார். நான் கரும்பலகையில் "இயல்பறம்" என்று எழுதினேன். இரண்டு முறை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தார். "இது போதும்மா. இந்த ஒரு சொல்லுக்காகவே புத்தகம் நிக்கும்."

எனக்கு அப்படி ஒரு அறம் இருப்பதில் நம்பிக்கை கிடையாது. பெயர் வைத்ததில் மட்டும் எதற்கு இவ்வளவு சந்தோஷம்?

பிப்ரவரி 18

நம்பியவர்களை அவர் எழுதுகிறார், சந்தேகப்பட்டவர்களை நான். அவர் பக்கத்தில் உலகமே ஒரு நகரம் என்ற பழைய ஞானிகள், நீதி இல்லாத சட்டம் சட்டத்தின் கெட்டுப்போன வடிவம் என்ற துறவிகள், கடவுளை ஒதுக்கி வைத்தாலும் இந்தச் சட்டம் நிற்கும் என்று துணிந்த வழக்கறிஞர்கள். என் பக்கத்தில், உலகம் இப்படி "இருக்கிறது" என்பதிலிருந்து இப்படித்தான் "இருக்க வேண்டும்" என்பது எப்படி வரும் என்று கேட்டவர்களும், பிறப்புரிமை என்ற பேச்சையே கேலி செய்தவர்களும்.

அவர் அத்தியாயங்களைப் படிக்கும்போது நானே கொஞ்சம் சாய்கிறேன். பெரும் போருக்குப் பிறகு, அப்பாவிகளுக்கு மரண தண்டனை விதித்துவிட்டு "சட்டப்படிதான் செய்தோம்" என்று சொன்ன நீதிபதிகள் முன் உலகம் வாயடைத்து நின்றதைப் பற்றி எழுதியிருக்கிறார். சட்டத்துக்கு மேலே ஒன்றும் இல்லையென்றால் அந்த நீதிபதிகளை எந்த வாயால் குற்றம் சொல்வது? பதில் தெரியாமல் அடுப்பில் பாலைப் பொங்க விட்டுவிட்டேன்.

பிப்ரவரி 26

நூலகர் என் அறைக்கு வந்தாள். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

அவளும் அவளுடைய தோழியும் வளாகக் குடியிருப்பில் பல வருடங்களாக ஒன்றாக இருக்கிறார்கள். தோழிக்குக் கண்ணாடிக் கடையில் வேலை. பக்கத்து வீட்டில் யாரோ புகார் கொடுத்திருக்கிறார்கள்: குடியிருப்பு குடும்பத்தினருக்கு மட்டும், இவர்கள் என்ன குடும்பம்? விசாரிக்கக் குழு போட்டிருக்கிறார்கள். தலைவர் வக்கீல்.

"அவர் உங்களோட எழுதறவர்தானே மேடம். ஒரு வார்த்தை கேட்டுச் சொல்வீங்களா? வெளிய ஒரு வீடு பாத்து வெச்சிருக்கோம். வேணுமா வேண்டாமான்னு அந்த வீட்டு ஓனருக்குச் சொல்லணும்."

பிப்ரவரி 27

கேட்டேன். அவர் பேனாவைக் கூடக் கீழே வைக்கவில்லை.

"இதெல்லாம் ஒரு விஷயமா? நான் இருக்கேன்ல. கவலைப்படாம இருக்கச் சொல்லுங்க."

நூலகரிடம் அப்படியே சொன்னேன். முதலில் நம்பத் தயங்கினாள், பிறகு சிரித்தாள். பார்த்து வைத்த வீட்டை வேண்டாம் என்று சொல்லிவிடப் போகிறாளாம்.

மார்ச் 13

பல்கலைக்கழக நிர்வாகக் குழுக் கூட்டம்; ஆசிரியர் பிரதிநிதியாக நானும் உண்டு. பத்தாவது விஷயமாகக் குடியிருப்பு அறிக்கை வந்தது. பதிவாளர் எழுந்து வாசித்தார். காற்றாடிச் சத்தத்தில் பாதி கேட்கவில்லை. பிறகு ஒரு இடத்தில் அவர் தடுமாறினார்.

"குடும்பம் என்பது இயல்... இயல் பறத்தின்... என்ன சார் இது, அச்சுப் பிழையா?"

வக்கீல் பொறுமையாகத் திருத்தினார். "இயல்பறம். இயல்பு, அறம். புதுச் சொல். வாசிங்க."

"குடும்பம் என்பது இயல்பறத்தின் அடிப்படையில் ஆணும் பெண்ணும் அவர்தம் மக்களும் சேர்ந்த அமைப்பே ஆகும். எனவே மேற்படி இருவரும் இம்மாத இறுதிக்குள்..."

"நல்ல சொல்லா இருக்கே" என்று வணிகவியல்காரர் என் பக்கம் சாய்ந்து சொன்னார்.

நான் எழுந்து மறுத்தேன். என்ன சொன்னேன் என்று சரியாக நினைவில்லை. மறுப்பைப் பதிவு செய்துகொண்டு பதினொன்றாவது விஷயத்துக்குப் போனார்கள். சைக்கிள் நிறுத்துமிடத்துக்குக் கூரை.

வக்கீல் என்னைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால்? தெரியவில்லை.

மார்ச் 14

நான் பெத்துப் பேர் வெச்ச சொல்லு. அதைக் கொண்டுபோய் —

மார்ச் 15

அவர் அறைக்குப் போனேன். டீ வரவழைத்தார். நான் தொடவில்லை.

"கோவமா இருக்கீங்கன்னு தெரியும். ஆனா நடந்தது உங்களுக்குத் தெரியாது. குழுவில மத்தவங்க 'ஒழுக்கக்கேடு'ன்னு போட இருந்தாங்க. அப்படிப் போட்டா அந்தப் பொண்ணு வேலையே போயிருக்கும். நான்தான் அதை எடுத்துட்டு, மரியாதையா ஒரு சொல்லைப் போட்டேன்."

"மரியாதையான சொல்லால வெளியே தள்ளினீங்க."

"வீடுதானே போச்சு. வேலையைக் காப்பாத்தினேன்ல?"

"நீங்க இருக்கீங்கன்னு சொன்னீங்க சார். அதை நான் போய் அவகிட்ட சொன்னேன். என் வாயால."

என் டீ டம்ளரை ஒரு ஓரமாக நகர்த்தி வைத்தார். பிறகு: "நாலு பேர் ஒரு பக்கம், நான் ஒருத்தன். என்ன பண்ணச் சொல்றீங்க?"

"மறுத்து எழுதியிருக்கலாம். நம்ம புத்தகத்துல ஒவ்வொரு அத்தியாயத்துலயும் யாரோ ஒருத்தர் அதைத்தானே பண்றாங்க."

"அது புத்தகம்மா."

என்ன மனுஷன் இவர். இருபது வருஷமா இவர்கிட்டதான் நான் வாதாடிட்டு இருந்தேனா? நான் இதையெல்லாம் நம்பாதவ. சட்டத்துக்கு மேல ஒண்ணு இருக்கு, பலவீனமானவங்களுக்கு அதுதான் கடைசித் துணைன்னு என்னைக் கொஞ்சம் கொஞ்சமா நம்ப வெச்சதே இவர்தான். நம்ப வெச்சுட்டு —

மார்ச் 16

நூலகரிடம் நானே போய்ச் சொன்னேன். புத்தகங்களை அடுக்கிக்கொண்டே கேட்டாள்.

"உங்க மேல கோவம் இல்ல மேடம். நீங்க சொன்னீங்கன்னு அந்த வீட்டை விட்டுட்டோம். அவ்வளவுதான்."

அவ்வளவுதான் என்று அவள் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. திட்டியிருந்தால் பரவாயில்லை.

மார்ச் 20

அவர் எழுதிய ஐந்தாம் அத்தியாயத்தை மறுபடி எடுத்துப் படித்தேன். கடல் தாண்டிப் போய்ப் பிடித்த நாடுகளின் மக்களைப் பற்றி நடந்த வாதம். இவர்கள் இயல்பிலேயே அடிமைகள் என்றது ஒரு தரப்பு. இவர்களும் பகுத்தறிவு உள்ள மனிதர்கள், இயல்பின்படியே சுதந்திரமானவர்கள் என்றது இன்னொன்று. இரண்டு தரப்பும் நின்றது ஒரே சொல்லின் மேல்தான். முடிவில் அவரே எழுதியிருக்கிறார்: "இயல்பு என்ற சொல் வரும்போதெல்லாம், அதைச் சொல்பவர் யார், யாரைப் பார்த்துச் சொல்கிறார் என்று கேட்டுக்கொள்ள வேண்டும்."

கைப்பிரதியில் அந்த வாக்கியத்துக்குப் பக்கத்தில் "அருமை" என்று நான் எழுதி வைத்திருக்கிறேன். அருமையாம்.

மார்ச் 22

வாடகைக்கு இரண்டு இடம் கேட்டுப் போனார்களாம். இரண்டு இடத்திலும் "வீட்டுக்காரர் எங்க இருக்கார்?" என்ற கேள்வி. இரண்டாவது இடத்தில் தோழி, "வீட்டுக்காரர் நீங்கதானே, வாடகைக்கு விடறது நீங்கதானே" என்று சொல்லியிருக்கிறாள். கதவைச் சாத்திவிட்டார்கள். இதை நூலகர் சொல்லும்போது இருவருமே சிரித்தோம்.

மார்ச் 24

தம்பிக்குப் போன் செய்தேன். வீடு எங்கள் இருவர் பேரிலும் இருக்கிறது. அவன் வெளிநாடு போனதிலிருந்து மாடி சும்மாதான் கிடக்கிறது. விஷயத்தைச் சொன்னேன்.

"எனக்கு ஒண்ணும் இல்லக்கா. ஆனா அக்கம்பக்கத்துல..."

"அக்கம்பக்கத்துல இருக்கறது நான்டா. நீ இல்ல."

"அதுவும் சரிதான்." உடனே, "நீ தனியா இருக்கறதுக்கே நாலு பேர் நாலு விதமாப் பேசுவாங்களே?"

"பழகியாச்சு."

"அப்ப குடு. பாத்ரூம் குழாய் ஒழுகும், முதல்லயே சொல்லிடு."

மார்ச் 30

இருவரும் மாடி ஏறியாயிற்று. மூட்டை மூட்டையாகப் புத்தகம். கட்டில் படிக்கட்டு வளைவில் மாட்டிக்கொண்டது. தோழி மேலே நின்று அதட்ட, நூலகர் கீழே நின்று பதிலுக்கு அதட்ட, கட்டிலைப் பிரிக்க வந்து நடுவில் மாட்டிய தச்சர் "யார் சொல்றதைக் கேக்கணும்னு முதல்ல முடிவு பண்ணுங்கம்மா" என்றார்.

துறையிலிருந்து உதவிக்கு யாரும் வரவில்லை. நானும் யாரையும் கூப்பிடவில்லை.

ஏப்ரல் 9

பதிப்பாளரிடம் என் அத்தியாயங்களைத் திரும்பப் பெற்றுக்கொள்வதாகச் சொன்னேன். அந்தச் சொல்லையும் எடுத்துவிடச் சொன்னேன். மாலையில் திரும்ப அழைத்தார், சங்கடப்பட்டுக்கொண்டே.

"சார்கிட்ட பேசினேன் மேடம். அத்தியாயம் உங்களுது, எடுத்துக்கலாம்கறார். ஆனா சொல் யாருக்கும் சொந்தமில்லையாம். அதான் இப்ப புத்தகத்துக்கே தலைப்பு."

ஆக, நம்பியவர்களின் வரலாறு மட்டும் வெளிவரும். சந்தேகப்பட ஒருவரும் இல்லாத வரலாறு. வக்கீலுக்கு வசதிதான்.

ஏப்ரல் 17

தாழ்வாரத்தில் எதிரே வந்தார். "என்னம்மா" என்று ஆரம்பித்து, "வணக்கம் மேடம்" என்று முடித்தார். நானும் வணக்கம் சொன்னேன். சண்டை போட்டிருந்தால் கூட இவ்வளவு வலித்திருக்காது.

மே 6

கோபம் குறையவில்லை. குறைய வேண்டும் என்று யார் சொன்னார்கள்?

மாணவி ஒருத்தி கேட்டாள்: "அந்தச் சட்டம் நிஜமாவே இருக்கா மேடம்?" வழக்கமாக, கேள்வியே தப்பு என்று ஆரம்பித்து அரைமணி நேரம் பேசுவேன். இன்று தெரியாது என்றேன். அவளுக்கு ஏமாற்றம். எனக்கு, எப்படியோ, அது பொய்யாகப் படவில்லை.

ஜூன் 14

விடுமுறை நாள். காலையில் சுகாதாரத் துறையிலிருந்து ஒரு பெண் வந்தாள், தோளில் பை, கையில் சாக்பீஸ். கொசுத் தடுப்புக்காக வீடு வீடாகக் கணக்கெடுக்கிறார்களாம்.

"இந்த வீட்டில எத்தனை குடும்பம்மா?"

மாடியில் நூலகரும் தோழியும் துணி காயப்போடுவதைப் பற்றி ஏதோ சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண் நிமிர்ந்து பார்த்தாள்.

"ரெண்டு" என்றேன்.

"மேல அவங்க ரெண்டு பேர் ஒண்ணு. கீழ?"

"நான்."

"கூட?"

"நான் மட்டும்தான்."

"ஒரு ஆளை எப்படிம்மா குடும்பம்னு போடறது?"

"போடுங்க. மேலதிகாரி கேட்டா என்கிட்ட அனுப்புங்க."

தோளைக் குலுக்கிவிட்டு, கேட் தூணில் பெரிதாக 2 என்று எழுதி, கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போனாள்.