கேமரா நிற்காத கல்யாணம்

பிடிவாதமே உருவான என் அண்ணே,

செத்தவனை ஏசக் கூடாது என்கிறாள் சித்தி. நான் ஏசுவேன். உன் கருமாதி முடிந்த மறுவாரமே, புதுச்சேரியிலிருந்து சினிமா சங்கத்துப் பிள்ளைகள் வந்து என் கல்யாண ரீலைக் கேட்டார்கள்.

“வெட்டே இல்லாத ஒரே ஷாட், அக்கா. கேமரா யாருக்காகவும் நிக்கலீங்க. அதுதான் இதோட அழகு.”

அழகாம்! பிரான்சிலிருந்து மாமா கொண்டுவந்த கேமராவைக் குரும்பகரத்துப் பந்தல் நடுவில் வைத்து, ஒரே சீராக ஒரு சுற்றுச் சுற்றினாய். கெட்டிமேளம் கொட்டும்போது ஊரே மணமேடையைப் பார்த்தது. நீ அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு சமையல் அடுப்பைப் படம் பிடித்தாய். நான் தாலி வாங்கியது அதில் இல்லை. என் மாமியார் வீட்டில் இன்றைக்கும் சிரிக்கிறார்கள்.

அந்த அடுப்புப் புகைக்குப் பின்னால்தான் அம்மா நின்றாள். தாலியறுத்தவள் மேடைப் பக்கம் வரக் கூடாதென்று ஒதுக்கிவிட்டு, சித்தப்பாவும் சித்தியும் என்னைத் தாரைவார்த்தார்கள். அம்மா எக்கி எக்கிப் பார்த்து, அங்கிருந்தே அட்சதையை வீசுகிறாள். அது மேடைக்கு எங்கே வரும்?

கல்யாண ஆல்பத்தில் அவள் இல்லை. வேறு போட்டோவும் கிடையாது; திதிக்கு வெறும் விளக்கைத்தான் கும்பிடுகிறோம். உன் கேமரா ஒன்றுதான் அவளைப் பார்த்தது. பார்த்துவிட்டு, பாவி, நிற்காமல் தென்னைமரத்துக்குப் போய்விட்டாயே!

ரீலைப் பிரான்சுக்கு அனுப்பிக் கழுவி வாங்குவதற்குள் அம்மா போய்விட்டாள். நீ சுவரில் ஓட்டிக் காட்டியபோது நான் கத்தினேன்.

“அண்ணே, அம்மா! அங்க கொஞ்சம் நின்னிருக்கக் கூடாதா?”

“நின்னா படத்தோட உருவமே கெட்டுடும். கேமராவுக்கு எல்லாம் ஒண்ணுதான்.”

“அம்மாவும் தென்னமரமும் ஒண்ணா?”

நீ ரீலைச் சுற்றிக்கொண்டிருந்தாய். உனக்கு அழுகைகூட வரவில்லையா? இல்லை, இருட்டில் எனக்குத்தான் தெரியவில்லையா?

வெள்ளிக்கிழமை அந்தப் பிள்ளைகள் மறுபடி வருகிறார்கள். பிலிமை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து இடத்தைக் கண்டுபிடித்துவிட்டேன். முதலில் புகை, பிறகு அம்மா, பிறகு தென்னை. அவர்கள் வருவதற்குள் அம்மாவை மட்டும் கத்தரித்து எடுத்துவிடுவேன். ஸ்டூடியோவில் கொடுத்துப் பெரிசாக்கி, கூடத்தில் மாட்டுவேன். இது சத்தியம்.

மிச்சத்தை அவர்கள் கொண்டுபோகட்டும். உன் சுற்று ஓரிடத்தில் குதிக்கும். குதிக்கட்டும், அண்ணே. அங்கேதான் நீ நின்றிருக்க வேண்டும்.

இப்படிக்கு,
அதே அம்மா வயிற்றில் பிறந்த உன் தங்கச்சி