கட்டை போடாமல் நின்ற கார்

பாசத்துக்குரிய மாமா,

உங்கள் காரை நாங்கள் விற்கவில்லை. முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் மேற்கொண்டு கேட்காமல் முகத்தைத் திருப்பிக்கொள்வீர்கள். லயத்து வரிசை வீடுகளுக்கு முன்னால் நீங்கள் நிறுத்தும் அதே ஏற்றத்தில்தான் நிற்கிறது. சக்கரத்துக்குப் பின்னால் கட்டை மட்டும் இல்லை. ஆமாம் மாமா, கட்டை இல்லாமல்தான் நிற்கிறது. கோபப்படாமல் முழுவதையும் கேளுங்கள்.

இந்தக் கடிதத்தை மற்றவர்களும் படிப்பார்கள் என்பதால் உங்கள் பழக்கத்தைக் கொஞ்சம் சொல்ல வேண்டியிருக்கிறது. தோட்டத்து லொறி ஓட்டி ஓய்வு பெற்று, ஆசை ஆசையாக ஒரு பழைய ஜப்பான் காரை வாங்கினீர்கள். லொறிக்காரர் பழக்கம் மட்டும் உங்களை விட்டுப் போகவில்லை. மேட்டில் நிறுத்தினால் காலை பிரேக்கிலேயே வைத்துக்கொண்டு "பாக்கியம், கட்டை!" என்று ஒரு சத்தம். அத்தை இறங்கி ஓடி, பின்சக்கரத்துக்கு முட்டுக்கொடுத்துக் கட்டையை வைத்து "போட்டாச்சு!" என்று பதில் சத்தம் கொடுக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் உங்கள் கால் பிரேக்கை விட்டு எழும்பும். கோவிலுக்குப் போனாலும் கல்யாண வீட்டுக்குப் போனாலும், பட்டுச் சேலையோடு இருந்தாலும், மழையானாலும் அத்தைதான் முதலில் இறங்குவார். எங்கள் பக்கத்தில் பாதி டிரைவர்மார் வீட்டில் இதுதான் நடைமுறை. ஹேண்ட் பிரேக் என்று ஒன்று இருப்பதை யாரும் கண்டுகொள்வதில்லை. "அதெல்லாம் கொழும்புல தட்டையான ரோட்டுல ஓட்டுறவனுக்கு" என்று நீங்கள் சொல்லிச் சிரிப்பது இப்போதும் என் காதில் கேட்கிறது.

நீங்கள் கண்ணை மூடிய பிறகு காருக்கு டிரைவர் நான்தான். உங்கள் மகன், என் வீட்டுக்காரர், கொழும்பில் ஒரு கடையில் வேலைக்கு நிற்கிறார், மாதத்துக்கு ஒருமுறை வருகிறார். நான் ஹட்டனில் பழகி லைசன்ஸ் எடுத்தேன். தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவில், வேலைக்குப் போகும் தாய்மாரின் குழந்தைகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. அங்கே லீவு போட்டு மாதம் ஒருமுறை அத்தையை நுவரெலியா கண் கிளினிக்குக் கூட்டிக்கொண்டு போவேன். கண்ணுக்குள் அழுத்தம் கூடும் வியாதி என்று உங்கள் காலத்திலேயே கண்டுபிடித்தார்களே, அதுதான். இழந்த பார்வை திரும்பாது, மிச்சம் இருப்பதைக் காப்பாற்றலாம், ஒரு கிளினிக்கையும் விட்டுவிடாதீர்கள் என்று டொக்டர் என்னிடம் சொல்லியிருந்தார். பக்கவாட்டில் இருப்பதெல்லாம் அத்தைக்கு மங்கிக்கொண்டே வந்தது. ஆனாலும் கார் நின்றதும் கட்டையைத் தூக்கிக்கொண்டு இறங்குவதை அவர் விடவில்லை. நான் ஹேண்ட் பிரேக்கை இழுத்துவிட்டேன் என்று சொன்னாலும், "ஒங்க மாமா சொன்னது சொன்னதுதான்" என்பார்.

போன மாதம் கிளினிக்கிலிருந்து வந்து லயத்து ஏற்றத்தில் நிறுத்தினேன். அத்தை இறங்கினார். "போட்டாச்சு விஜி!" என்றார். ஹேண்ட் பிரேக் லீவரை முழுதாக இழுத்துவிட்டு, என்ஜின் ஓட ஓட, பின்சீட்டுப் பையை எடுக்கக் கதவைத் திறந்து ஒரு காலைக் கீழே வைத்தேன். கார் பின்னால் நகர்ந்தது. கதவு என்னைத் தட்டி ரோட்டில் தள்ளியது. கார் தன்பாட்டுக்குப் போய் ரோட்டோரத் தண்ணீர்க் காணுக்குள் ஒரு சக்கரத்தை இறக்கி, தேயிலைச் செடிகளில் முதுகைச் சாய்த்து நின்றது. எனக்கு முழங்கையில் சிராய்ப்பு, அவ்வளவுதான். கட்டை சக்கரத்தைத் தொடாமல் பக்கத்தில் ஒரு முழம் தள்ளிக் கிடந்தது.

அத்தை ரோட்டிலேயே உட்கார்ந்துவிட்டார். "என் புள்ளைய நானே கொல்லப் பாத்தேனே! பாழாப்போன கண்ணு, கட்டைய எங்க வச்சேன்னே தெரியலயே!" என்று தலையில் அடித்துக்கொண்டார். என்னைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். லயத்து ஆட்கள் எல்லாம் கூடி, காரைத் தூக்கி ரோட்டில் ஏற்றிக் கட்டை போட்டுக் கொடுத்தார்கள். அன்றிலிருந்து அவர் காரில் ஏறவில்லை. கிளினிக்குக்கும் போக மாட்டேன் என்று சொல்லிவிட்டார். "இருக்குற பார்வ போதும். இல்லாட்டியும் பரவாயில்ல" என்றார்.

பஸ்ஸில் கூட்டிப் போகலாமே என்று கேட்பீர்கள். காலையில் வரும் பஸ்ஸில் கால் வைக்க இடமில்லை என்பது உங்களுக்குத் தெரியாதா? அந்தப் படியில் நல்ல கண் இருப்பவர்களே தடுமாறுகிறார்கள். உங்கள் மகன் போனில் ஒரே முடிவாகச் சொன்னார்: "வித்துரு விஜி. அம்மாவுக்கும் பயம், ஒனக்கும் ஆபத்து." கார் போனால் கிளினிக் போகும், கிளினிக் போனால் அத்தையின் கண் போகும். "அடுத்த கிளினிக் வரைக்கும் பொறுங்க" என்றேன். "அதுக்குள்ள என்ன செய்யப் போற?" என்றார். விடக்கூடாது என்பது மட்டும் எனக்குத் தெரிந்தது.

எல்லாரும் அத்தையின் கண்ணைப் பற்றியே பேசினார்கள், மாமா. எனக்கு ஒன்று மட்டும் உறுத்திக்கொண்டே இருந்தது. கட்டை தப்பாக விழுந்தது, சரி. ஆனால் நான் ஹேண்ட் பிரேக்கை இழுத்திருந்தேனே! அது ஏன் பிடிக்கவில்லை? கட்டை இரண்டாவது காவல்தானே, முதல் காவல் எங்கே போனது?

மறுநாள் ஆட்கள் எல்லாம் காலையில் வேலைக்குப் பேர் பதியும் பெரட்டுக்குப் போய் லயம் அமைதியான பிறகு, காரில் உட்கார்ந்து லீவரை இழுத்துப் பார்த்தேன். டிக் டிக் என்று மேலே வந்துகொண்டே இருந்தது. பிடிமானமே இல்லை. நேராகத் தலவாக்கலைக்கு ஓட்டிக்கொண்டு போனேன். உங்கள் கராஜ் மெக்கானிக் பாஸ்தான், அதே சிரிப்பு, அதே கிரீஸ் படிந்த தொப்பி. லீவருக்கு அடியில் இருக்கும் நட்டை இறுக்கிக் கொடுத்து "ஹரி, சரி மிஸ், இப்ப டைட்" என்றார். உண்மையிலேயே இறுக்கமாக இருந்தது. சந்தோஷமாக வந்தேன். திரும்பும் வழியில் ஒரு மேட்டில், காலைப் பிரேக்குக்கு மேலேயே வைத்துக்கொண்டு சோதித்தேன். கொஞ்ச நேரம் பிடித்தது. பிறகு அடியில் டக்கென்று ஒரு சத்தம், கார் வழுக்கத் தொடங்கியது. அப்படியே வண்டியைத் திருப்பினேன்.

பாஸ் என்னை மறுபடி பார்த்ததும் தலையைச் சொறிந்தார். "இன்னுங் கொஞ்சம் இறுக்குவோமா மிஸ்?"

"இறுக்க வேணாம் பாஸ். கழட்டிப் பாருங்க. என்னன்னு தெரியாம நான் இங்கருந்து போக மாட்டேன்" என்றேன். ஒரு பழைய டயரின் மேல் உட்கார்ந்துகொண்டேன். என் பிடிவாதம் உங்களுக்குத் தெரியும்தானே? பாஸுக்கும் அன்றைக்குத் தெரிந்துவிட்டது.

முன்சக்கரங்களுக்கு முட்டுக்கொடுத்து, பின்பக்கத்தை ஜக்கில் தூக்கினார். நான் உள்ளே லீவரை இழுத்துப் பிடித்தேன், அவர் சக்கரங்களைக் கையால் சுற்றினார். இடது பக்கம் முக்கி முனகிப் பிடித்தது. வலது பக்கம் இராட்டினம் மாதிரிச் சுற்றியது. வலது சக்கரத்தின் பிரேக் டிரம்மைக் கழற்றினோம். பிரேக் சூ தேயவில்லை, எண்ணெயும் படவில்லை. அப்படியானால் இழுக்கும் கேபிளில்தான் கோளாறு. நான் லீவரை ஏற்றி இறக்கினேன். அவர் கீழே படுத்து கேபிளின் நுனியைப் பார்த்துக்கொண்டிருந்தார். நுனி அசையவே இல்லை.

"மிஸ், எறங்கி வாங்க" என்று கூப்பிட்டார். நானும் சாக்கை விரித்துப் படுத்தேன். சக்கரத்துக்குப் பக்கத்தில் கேபிள் வளையும் இடத்தில் மேலுறை வெடித்திருந்தது. அவர் அதைப் பிதுக்கியபோது செம்மண் நிறத்தில் துருத்தண்ணீர் வடிந்தது. உள்ளே இருந்த கம்பி இழைகள் துருவேறி அறுந்துபோயிருந்தன. நட்டை இறுக்கியதில் மிச்சமிருந்த சில இழைகளும் அறுந்திருக்கின்றன. அந்த டக் சத்தம் அதுதான்.

"கேபிள் எக இவரய்" என்று சிங்களத்தில் சொன்னார். அதன் கதை முடிந்தது என்கிறார். பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார்: "மிஸ், ஒங்க மாமா இந்த லீவர தொட்டதே இல்லயா? இழுத்துக்கிட்டே இருந்தா இப்பிடி உள்ளுக்கே புடிச்சிக்காது. நம்ம மழைக்கி சும்மா வச்சிருந்தா துருதான்."

எனக்கு உங்கள் மேல் எவ்வளவு கோபம் வந்தது தெரியுமா? கட்டை, கட்டை என்று அத்தையை ஓடவிட்டீர்களே, அந்தக் கட்டைதான் மாமா இந்தக் கேபிளைக் கொன்றது. ஒரு நாளைக்கு ஒரு தடவையாவது அந்த லீவரை இழுத்திருக்கக் கூடாதா? கோபத்தோடு கூடவே சிரிப்பும் வந்தது. சாக்கில் படுத்தபடி சிரித்தேன், கொஞ்சம் அழுதேன். பாஸ் கண்டும் காணாதது போல ஸ்பேனரைத் தேடிக்கொண்டிருந்தார்.

புதுக் கேபிள் தலவாக்கலையில் இல்லை. அறுந்ததைக் கையோடு எடுத்துக்கொண்டு ஹட்டனுக்கு பஸ்ஸில் போனேன். ஸ்பெயார் பார்ட்ஸ் கடைக்காரர் பார்த்ததும் ஒன்றைத் தூக்கிக் கொடுத்தார். பழையதன் பக்கத்தில் நீட்டி வைத்துப் பார்த்தால் நீளம் போதவில்லை, அது இடது பக்கத்துக்கு உரியது. வலது பக்கத்தையும் தேடி எடுக்க வைத்து, இரண்டையுமே வாங்கினேன். "லெஃப்ட் இன்னும் ஓடும் மிஸ்" என்று கராஜுக்குத் திரும்பியதும் பாஸ் சொல்லிப் பார்த்தார். "ஓட வேணாம், நிக்கணும்" என்றேன்.

மாற்றும் வேலை சுலபமாக இருக்கவில்லை. டிரம்முக்குப் பின்தகட்டில் கேபிளைப் பிடித்திருக்கும் கிளிப்பும் துருவேறிப்போய் வர மாட்டேன் என்றது. கேபிளைத் தாங்கும் பட்டையில் இருந்த போல்ட் எண்ணெய் ஊற்றி ஊறவைத்த பிறகுதான் அசைந்தது. பழைய கேபிள் போன வழியிலேயே, எங்கும் மடங்காமல் உராயாமல் புதியதை இழுத்து மாட்டினோம். முதலில் உள்ளே பிரேக் சூவைச் சரிசெய்து, கடைசியில்தான் லீவர் நட்டைத் தொட வேண்டும் என்று பாஸ் விளக்கினார். லீவரை இறக்கினால் சக்கரம் தடையில்லாமல் சுற்ற வேண்டும், ஏற்றினால் இரண்டும் ஒன்றாகப் பிடிக்க வேண்டும். இரண்டும் சரியாக வந்ததும்தான் எனக்கு மூச்சு வந்தது.

கராஜுக்குப் பக்கத்து மேட்டில் நிறுத்திப் பார்த்தோம். நான் லீவரை இழுத்துக் காலை எடுத்தேன். கார் அசையவில்லை. கண்ணாடியில் பார்த்தால் பாஸ் ஒரு பெரிய கல்லைப் பின்சக்கரத்துக்கு முட்டு வைத்துக்கொண்டிருக்கிறார்!

"கல்ல எடுங்க பாஸ்!"

"பழக்கம் மிஸ், பழக்கம்" என்று அசட்டுச் சிரிப்பு சிரித்தார். கல்லை எடுத்தார். கார் நின்றது.

கிளினிக் நாள் வந்தது. அத்தை சேலைகூட மாற்றவில்லை, அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. நான் காரை ஏற்றத்தில் நிறுத்தி, என்ஜினை அணைத்து, கியரையும் எடுத்துவிட்டு, ஹேண்ட் பிரேக்கை மட்டும் இழுத்துவிட்டு உள்ளே போனேன்.

"வாங்க அத்தை. கார தள்ளிப் பாருங்க."

"என்ன பைத்தியமா ஒனக்கு?"

"ஒங்க கையால தள்ளுங்க. நகந்துச்சுன்னா இன்னைக்கே வித்துருவோம்."

நகராது என்று எனக்குத் தெரியும். இருந்தாலும் பின்னால் யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டேன். அத்தை வந்து முன்பக்கத்தில் இரண்டு கையையும் ஊன்றினார். கொழுந்து மூட்டை சுமந்த உடம்பு மாமா, இன்னும் பலம் இருக்கிறது. காரின் மேல் இருந்த ஆத்திரமெல்லாம் சேர்த்துத் தள்ளினார். செருப்பு வழுக்கியது. கழற்றி எறிந்துவிட்டு வெறுங்காலோடு மறுபடி தள்ளினார். கார் நின்ற இடத்திலேயே நின்றது.

மூச்சு வாங்க நிமிர்ந்தார். "அப்ப அன்னைக்கு... நா இல்லயா விஜி?"

பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. "கட்டை தள்ளித்தான் கெடந்துச்சு அத்தை. ஆனா கார் ஓடுனது கட்டையால இல்ல. உள்ளுக்கு கேபிள் அறுந்து கெடந்துச்சு, அது யாருக்கும் தெரியல. கண்ணுக்குத்தான் கிளினிக் இருக்கே, வாங்க."

அத்தை எறிந்த செருப்பைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டார். பிறகு உள்ளே போய்ச் சேலை மாற்றிக்கொண்டு வந்தார்.

நுவரெலியாவில் அழுத்தம் பார்த்தார்கள். கொஞ்சம் கூடியிருக்கிறது, ஆனால் பார்வை அப்படியே இருக்கிறது என்றார் டொக்டர். சொட்டு மருந்தை மாற்றிக் கொடுத்து, விடாமல் வரச் சொன்னார். உங்கள் மகனுக்குப் போனில் சொன்னேன். கார் விற்கும் பேச்சை அவர் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

நான் உங்களுக்குக் கொடுக்கும் வாக்கு இது. எங்கே நிறுத்தினாலும் லீவரை இழுப்பேன், அது உள்ளே உறைந்துபோக விட மாட்டேன். மழை தொடங்குமுன் பாஸிடம் கொண்டுபோய் இரண்டு பக்கமும் பார்க்கச் சொல்வேன். அத்தைக்கு இருக்கும் பார்வையில் ஒரு துளியும் என் கவனக்குறைவால் போகாது.

இன்னொன்றையும் சொல்லி முடிக்கிறேன். அன்று திரும்பி வந்து லயத்து ஏற்றத்தில் நிறுத்தினேன். நான் இறங்கிச் சுற்றி வந்து கதவைத் திறக்கும் வரைக்கும், அத்தை மடியில் கை வைத்துக்கொண்டு பெரிய மனுசி போல உட்கார்ந்திருந்தார். அவருக்காக ஒருவர் கார்க் கதவைத் திறந்தது அதுதான் முதல் தடவையாம். ஏன் மாமா, அப்படியா?

என்றும் உங்கள் பிடிவாதக்கார மருமகள்,
விஜி