அளவுக்கு நின்றவன்

நேற்று வேலை முடிந்து வந்து வாசலில் சப்பாத்தைக் கழற்றும்போது அதன் அடியில் ஒரு கல் செருகிக்கொண்டிருந்தது. பனி உருகிவிட்டது. ஆட்கள் வழுக்கி விழாமல் இருக்க மாரி முழுக்கக் கொட்டிய சல்லியெல்லாம் இப்போது மொன்றியலில் எங்கள் லாசால் பகுதி நடைபாதைகளில் கேட்பாரற்றுக் கிடக்கிறது. முன்பென்றால் கதவுத் திறப்பால் தோண்டி வெளியே எறிந்திருப்பேன். நேற்று அதை விளக்குக்குக் கீழே பிடித்துப் பார்த்தேன். சாம்பல் நிறம், உள்ளே மினுங்கும் சிறு புள்ளிகள். "பிள்ளை, இது என்ன கல்லு?" என்று வாய்விட்டுக் கேட்டும்விட்டேன். குசினியில் நின்ற உன் அம்மா வெளியே வரவில்லை. தண்ணீர்க் குழாயை இன்னும் பலமாகத் திறந்துவிட்டா.

அதனால்தான் இதை எழுதுகிறேன். உனக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்கு இரண்டு வருடம் போய், அழுது, நின்றுவிட்டாய். நானும் வற்புறுத்தவில்லை, சனிக்கிழமைகளில் எனக்குத் தொழிற்சாலையில் ஓவர்டைம் இருந்தது. நீ இருந்திருந்தாலும் இந்தக் கடிதத்தை உனக்கு யாராவது வாசித்துக் காட்ட வேண்டியிருந்திருக்கும். எனக்கோ வேறு மொழியில் கடிதம் எழுத வராது.

ஆனால் நீ பேசிய தமிழ் எனக்குப் பிடிக்கும். கல்லை நீ 'அது' என்று சொன்னதே இல்லை. நீ பள்ளிக்கூடத்தில் படித்த பிரெஞ்சில் ஒவ்வொரு பொருளும் ஆணாகவோ பெண்ணாகவோ இருப்பதால் உன் தமிழிலும் அப்படியே வந்தது. "லாவா அவ, அப்பா. ஆறிக் கல்லாய்ப் போனாப் பிறகு அவர்" என்பாய். திருத்த எனக்கு மனம் வந்ததில்லை.

நீ புவிச்சரிதவியல் படிக்கப் போகிறேன் என்று சொன்ன நாள் மட்டும் நான் நல்லபடி நடந்துகொள்ளவில்லை. எங்களுக்குத் தெரிந்த பிள்ளைகள் எல்லாம் தாதியாகவும் கணக்காளராகவும் வரப் படித்துக்கொண்டிருந்தார்கள். "கல்லைப் படிச்சுப்போட்டு ஆரிட்டைப் போய் வேலை கேக்கப்போறாய்?" என்றேன். நீ சாப்பாட்டுக் கோப்பையை எடுத்துக்கொண்டு எழும்பிப் போனாய். மூன்று கிழமை நாங்கள் இருவரும் கதைக்கவில்லை.

பிறகு, மூன்றாம் வருடப் பரீட்சை முடிந்த கையோடு, இரண்டு பேருக்கு ரிக்கெட் எடுத்துக்கொண்டு வந்து நின்றாய். அட்லாண்டிக் நடுவில் இருக்கும் அசோர்ஸ் தீவுகளுக்கு. எல்லாமே எரிமலையால் உண்டான தீவுகள்.

"நான் என்ன படிக்கிறன் எண்டு நீங்கள் பாக்கவேணும், அப்பா" என்றாய்.

உன் அம்மா தலையில் கை வைத்தா. "ஊரில சண்டை நேரம் செல்லடிக்கை இருந்து தப்பி வந்தது காணாதெண்டு இப்ப நெருப்பு மலைக்குப் போறியளோ ரெண்டு பேரும்?"

முதல் தீவில் என்னை ஒரு பள்ளத்தாக்குக்குக் கூட்டிப் போனாய். நிலத்தில் ஆங்காங்கே ஓட்டை, ஒவ்வொன்றிலும் நீராவி. அந்த ஊர்க்காரர் பெரிய சட்டியில் இறைச்சியையும் மரக்கறியையும் போட்டு மூடி, சூடான மண்ணுக்குள் இறக்கிவிட்டு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். மத்தியானம் வந்து தூக்கினால் கறி வெந்திருக்கிறது. எனக்கு அது வேடிக்கையாக இருந்தது. ஆனால் கந்தக மணம் வந்ததும் என் கால் நின்றுவிட்டது. அந்த மணத்தை நான் வேறு இடத்தில் அறிந்திருந்தேன். என்னை அறியாமல் உன் சட்டைக் கையைப் பிடித்து இழுத்திருக்கிறேன்.

"பயமா, அப்பா?"

"இல்லை."

"பொய்." நீ என் கையை விடுவிக்கவில்லை. "இவர் மூச்சு விடுறார், அவ்வளவுதான். வெடிக்கிறதெண்டால் முதலே சொல்லுவார். நிலம் வீங்கும், நடுங்கும். பாக்கிற ஆள் கவனமாப் பாக்கவேணும்."

அதன்பிறகு சின்ன விமானத்தில் ஃபையால் என்ற தீவுக்குப் போனோம். அதன் மேற்குக் கரையில், அறுபது எழுபது வருடங்களுக்கு முன், கடலுக்குள் இருந்து ஓர் எரிமலை எழும்பி, தீவோடு புது நிலமாக ஒட்டிக்கொண்டது. பக்கத்தில் கப்பல்களுக்கு வழிகாட்டிய வெளிச்சவீட்டின் கீழ்த்தட்டு சாம்பலுக்குள் புதைந்து கிடந்தது. வீடுகளும் புதைந்துபோயினவாம். சனம் வீட்டை விட்டுக் கப்பலேறி அமெரிக்காவுக்கும் கனடாவுக்கும் போய்ச் சேர்ந்ததாம். நீ அதைச் சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தாய். என்னை அங்கே ஏன் கூட்டிவந்தாய் என்று அப்போதுதான் விளங்கியது.

"இந்தப் புது நிலத்தில கனக்கக் கடல் அரிச்சுக்கொண்டு போட்டுது" என்றாய். "சாம்பல்தானே, பலமில்லை. அடுத்த வருஷம் வந்தால் இன்னும் கொஞ்சம் குறைஞ்சிருக்கும். வந்து பாப்பம்."

அந்தச் சாம்பல் மேட்டில் நாங்கள் ஏறினோம். நீ பத்து அடிக்கு ஒருதரம் நின்றாய். நான் மேலே நின்றுகொண்டு பகிடி பண்ணினேன். "அம்பத்தெட்டு வயசுக்காரன் நான் ஏறுறன். உனக்கென்ன பிள்ளை, கிழவி மாதிரி?" நீ முழங்கால்களில் கை ஊன்றிக் குனிந்து நின்று சிரித்தாய். "ராத்திரி நித்திரை இல்லை, அப்பா. வாறன், நில்லுங்கோ."

பின்னேரம் தங்கிய வீட்டில் நீ அரைக் காற்சட்டையோடு வந்து இருந்தபோது உன் கால்களைக் கண்டேன். நீலமும் மஞ்சளுமாகக் கண்டல்கள்.

"என்ன பிள்ளை இது?"

"கல்லிலை அடிபட்டது, அப்பா. எங்கட படிப்பில எல்லாருக்கும் இப்படித்தான்."

நான் பையில் இருந்த தைலத்தை எடுத்துப் பூசிவிட்டேன். உன் முழங்கையின் உள்பக்கத்திலும் இரண்டு இருந்தன. அவற்றுக்கும் பூசினேன். கல் எப்படி ஒருவருடைய முழங்கையின் உள்பக்கத்தில் போய் அடிக்கும் என்று நான் அன்று யோசிக்கவில்லை. ஆனால் பிறகு, இன்று வரைக்கும், அதைத் தவிர வேறு ஒன்றையும் யோசிக்கவில்லை. நீயும் முதலே சொல்லிக்கொண்டுதான் இருந்திருக்கிறாய். பார்க்கிற ஆளாக நான்தான் நின்றேன்.

மொன்றியலுக்குத் திரும்பி ஐந்தாம் கிழமை உன்னை ஆஸ்பத்திரியில் மறித்து வைத்துவிட்டார்கள். இரத்தத்தில் புற்றுநோய் என்றார்கள். அந்தச் சொல்லைக்கூட நீதான் எங்களுக்குத் தமிழில் சொன்னாய். சின்ன வயதில் இருந்தே எங்களுக்கு நீதானே மொழிபெயர்ப்பாளர். அம்மாவின் பல்வலிக்கும், என் முதுகு வலிக்கும், வீட்டுச் சொந்தக்காரரின் கடிதத்துக்கும் என்று, எங்களுக்கும் மற்றவர்களுக்கும் நடுவில் கதிரை போட்டு இருந்தவள். இப்போது கட்டிலில் இருந்துகொண்டு அதே வேலையைச் செய்தாய்.

மாரி தொடங்கிய பிறகு ஒருநாள் வைத்தியர் வந்து கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு கனநேரம் பிரெஞ்சில் கதைத்தார். இடையில் ஒருதரம் தன் கண்ணாடியைக் கழற்றினார். அவர் முடித்ததும் நீ எங்களைப் பார்த்து ஒரே வரியில் சொன்னாய்.

"மருந்தை மாத்தப்போகினமாம்."

"அவ்வளவோ சொன்னவர்?" என்று அம்மா கேட்டா.

"ஓம் அம்மா. வைத்தியர்மார் எல்லாத்தையும் நீட்டித்தான் கதைப்பினம்."

நாங்கள் நம்பினோம். அம்மா நேர்த்தி வைத்து டொலார்டில் இருக்கும் முருகன் கோயிலுக்குப் போய்வந்தா. நான் உன் கட்டிலில் இருந்து, அடுத்த கோடையில் எந்தத் தீவுக்குப் போவது என்று உன்னோடு கதைத்தேன். நீயும் கைத்தொலைபேசியில் படங்கள் காட்டினாய். இந்த மலையில் ஏறலாம், இது அப்பாவுக்குக் கஷ்டம், இஞ்சை அம்மாவையும் கூட்டிக்கொண்டு போகலாம் என்றாய். தை மாதம் பிறந்து ஒன்பதாம் நாள் நீ போய்விட்டாய். எங்களில் ஒருவர்கூட உனக்குப் போய்வா என்று சொல்லவில்லை. சொல்ல வேண்டியிருக்கும் என்று எங்களுக்குத் தெரியாது.

போன மாதம் உன்னோடு படித்த செம்பட்டைத் தலைமுடிப் பிள்ளை வீட்டுக்கு வந்தாள். மெதுவாகக் கதைத்தால் அவளுக்கு என் பிரெஞ்சும் எனக்கு அவளுடையதும் விளங்குகின்றன. கார்த்திகையிலேயே உனக்குத் தெரியும் என்றாள். இனிச் செய்வதற்கு ஒன்றுமில்லை என்றுதான் வைத்தியர் அன்று சொன்னாராம். எங்களிடம் சொல்ல வேண்டாம் என்று அவளிடம் சத்தியம் வாங்கியிருந்தாயாம். நான் அம்மாவுக்கு இதைத் தமிழில் சொல்லவேண்டி இருந்தது. சொன்னேன். உன்னைப் போலக் குறைத்துச் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

பல்கலைக்கழகக் கணினியில் நீ சேமித்திருந்த அசோர்ஸ் படங்களையும் அவள் கணினியில் செருகுகிற ஒரு சின்னக் குச்சியில் போட்டுக் கொண்டுவந்திருந்தாள். பாறையைப் படமெடுக்கும்போது அது எவ்வளவு பெரிது என்று தெரிய, பக்கத்தில் அளவுக்கு ஏதாவது வைக்க வேண்டுமாம். ஒரு சுத்தியலோ பேனையோ. நீ சுத்தியல் கொண்டுவரவில்லை. "அப்பா, நீங்கள்தான் என்ரை அளவு. போய் நில்லுங்கோ" என்று ஒவ்வொரு இடத்திலும் என்னை அனுப்பினாய். நானும் போய் நின்றேன்.

இருநூற்றுக்கு மேல் படங்கள். எல்லாவற்றிலும் நான் நிற்கிறேன். கறுப்புப் பாறைக்குப் பக்கத்தில், நீராவிக்கு முன்னால், சாம்பல் மேட்டின் உச்சியில், கையைத் தொங்கப்போட்டுக்கொண்டு. ஒன்றிலாவது நீ இருக்கிறாயா என்று மூன்றுதரம் பார்த்தேன். கமராவை வாங்கி உன்னை ஒரு படம் எடுக்க எனக்குத் தோன்றவில்லை.

வெளிச்சவீட்டுக்கு முன்னால் எடுத்த படத்தில் நான் வாய் நிறையச் சிரிக்கிறேன். நான் அப்படிச் சிரிக்கிற ஆள் இல்லை என்பது உனக்குத் தெரியும். கமராவுக்குப் பின்னால் நின்று நீ ஏதோ சொல்லியிருக்கிறாய். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரைக்குக் கிட்டக் குனிந்து கனநேரம் அதைப் பார்த்தா.

"இந்த இடத்தில அவள் என்ன சொன்னவள்?" என்று கேட்டா.

யோசித்தேன். காற்று ஞாபகம் இருந்தது, வாய்க்குள் வந்த சாம்பல் ஞாபகம் இருந்தது.

"தெரியேல்லை" என்றேன்.