எட்டுப் பக்கத்தில் இல்லாத மூன்று மாதம்

இரத்தோட்டை,
18.02.2000

அன்புள்ள அத்தானுக்கு,

வேலம்மா எழுதுவது. நானும் மகளும் நல்ல சுகம். நீங்களும் சுகம் என்றுதான் எழுதியிருக்கிறீர்கள். அதை நான் நம்பவில்லை.

போன மாதம் உங்கள் எட்டுப் பக்கக் கடிதம் கிடைத்தது. லண்டன் போகும் வழியில் லித்துவேனியா என்ற நாட்டில் ஒரு பண்ணை வீட்டில் சும்மா தங்கியிருப்பதாக எழுதியிருந்தீர்கள். அந்த மாவட்டத்தில் நூற்றுக்கணக்கில் ஏரியாம். பைன் காடாம். ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் ஒரு மைல் கட்டை தூரமாம். போலந்துக்காரன் ஆண்டான், ரஷ்யாக்காரன் ஆண்டான், நடுவில் ஜெர்மன்காரன் வந்தான், திரும்பவும் ரஷ்யாக்காரன் வந்து குடும்பம் குடும்பமாக ரயிலில் ஏற்றிச் சைபீரியாவுக்கு அனுப்பினான், அதனால்தான் பாதி ஊர் இன்னும் ஆளில்லாமல் கிடக்கிறது என்றெல்லாம், சமையல்காரப் பெண் அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னதாக எழுதியிருந்தீர்கள். நான் அதை நம் தோட்டத்து லயத்து வீடுகளில் எல்லாருக்கும் வாசித்துக் காட்டினேன். சுந்தரலிங்கம் மாஸ்டர் பள்ளிக்கூடத்துத் தேசப்படப் புத்தகத்தைக் கொண்டுவந்து அந்த நாட்டை மகளுக்குக் காட்டினார். எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா?

போன வெள்ளிக்கிழமை மாத்தளையிலிருந்து ஹவ்வா வந்தாள். உங்களோடு புறப்பட்டுப் போன பலீலின் தங்கச்சி. வேலைக்குப் போனவர்களின் பிள்ளைகளைப் பார்க்கும் பிள்ளைக் காம்பராவில் நான் குழந்தைகளுக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தேன். பலீல் நானா போன் பண்ணினார், உங்களுக்கு ஒன்றும் தெரியாதா என்று கேட்டாள். பண்ணை வீடும் இல்லை, ஒன்றும் இல்லை, கம்பி வேலிக்குள்ளே முகாமில் இருக்கிறார்கள் என்றாள். ஏஜென்டு எல்லையில் இறக்கிவிட்டு ஓடிவிட்டானாம். நாலு நாள் பனிக்குள்ளே நடந்தீர்களாம். உங்கள் இடது காலில் இரண்டு விரலை வெட்டிவிட்டார்களாம். எட்டுப் பக்கத்தில் அந்த இரண்டு விரலுக்கு இடம் கிடைக்கவில்லையா?

அதைக் கூடப் பொறுத்துக்கொள்வேன். நான் அழுவேன் என்று மறைத்திருப்பீர்கள். ஹவ்வா அடுத்துச் சொன்னதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. ஏன் நாட்டைவிட்டு வந்தாய் என்று அங்கே ஒரு அதிகாரி கேட்டாராம். பலீல் உழைக்க வந்தேன் என்று சொன்னாராம். அவருக்கு அது உண்மை. நீங்களும் தலையைக் குனிந்துகொண்டு அதையே சொன்னீர்களாம். அப்படியானால் அடைக்கலம் இல்லை, திருப்பி அனுப்புவோம் என்று எழுதிக்கொண்டார்களாம்.

அத்தான், ஊரான் சனத்தை ரயிலில் ஏற்றிய கதையை ஒன்றரைப் பக்கம் எழுதத் தெரிந்த உங்களுக்கு, இந்தியாவுக்குப் போ என்று சுந்தரம்மா பெரியம்மாவைத் தலைமன்னாருக்கு ஏற்றி அனுப்பிய ரயில் ஞாபகம் வரவில்லையா? அதையும் விடுங்கள். தம்புள்ளைக்கு மரக்கறி லொறியில் போன மனுசனை, அடையாள அட்டை இல்லை, தமிழன் என்ற இரண்டே காரணத்துக்காக பொலிஸ்காரர்கள் இறக்கிக்கொண்டு போய் மூன்று மாதம் சிறையில் வைத்திருந்தார்களே, அது யாருடைய சரித்திரம்? நீங்கள் திரும்பி வந்த அன்றைக்கு நான் சட்டையைத் தண்ணீர் ஊற்றித்தான் முதுகிலிருந்து பிரித்தேன். அதற்குப் பிறகும் இரண்டு தடவை உங்களைத் தேடி வந்தார்கள். இதெல்லாம் உழைக்கப் போன கதையா?

மறுநாளே தோட்டத்து டிஸ்பென்சரிக்குப் போனேன். அத்தானின் காயத்துக்கு மருந்து கட்டியதைப் புத்தகத்தில் பதிந்திருக்கிறீர்களே, அதை ஒரு கடிதமாக எழுதித் தாருங்கள் என்று மருந்து கொடுக்கும் பொன்னையா ஐயாவிடம் கேட்டேன். பழையதைக் கிளறாதே, எனக்கும் பிள்ளைகள் இருக்கிறது என்றார். என் பிள்ளைக்கு அப்பா வேண்டாமா என்று கேட்டேன். போ என்றார். போகவில்லை. திங்கட்கிழமையும் செவ்வாய்க்கிழமையும் விடியற்காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டு நேரத்திலேயே வாசலில் போய் நின்றேன். பிள்ளைக் காம்பராவை நல்லம்மா பார்த்துக்கொண்டாள். இரண்டு நாள் பேர் வெட்டிச் சம்பளத்தைக் குறைத்தார்கள், வெட்டட்டும். புதன்கிழமை அவர் உள்ளே கூப்பிட்டு எழுதிக் கொடுத்தார். கையெழுத்துப் போடும் முன் எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார். நல்ல மனுசன்தான், பயம்.

அதை மாஸ்டர் ஆங்கிலத்தில் எழுதினார். சிறையில் செஞ்சிலுவைக்காரர்கள் உங்களுக்குத் தந்த அட்டை என்னிடம்தான் இருந்தது. இரண்டையும் இதோடு பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். பலீல் சொன்ன விலாசம்தான் உறையில் இருக்கிறது, நீங்கள் எழுதிய பண்ணை விலாசம் இல்லை.

அந்த அதிகாரியிடம் நீங்களாகவே கேட்டுத் திரும்பவும் போங்கள். முதலில் சொன்னது பொய், வெட்கத்தில் சொன்னேன் என்று சொல்லுங்கள். எந்த இடத்தில் பிடித்தார்கள், எத்தனை பேர் அடித்தார்கள், என்ன கேட்டு அடித்தார்கள், எல்லாவற்றையும் சொல்லுங்கள். என்னிடம் இருட்டில் சொன்னதையும் சொல்லுங்கள். வார்த்தை வராவிட்டால் சட்டையைக் கழற்றிக் காட்டுங்கள். வெட்கப்பட வேண்டியவர்கள் நீங்கள் இல்லை.

எனக்கு நீங்கள் பக்கத்தில் வேண்டும். ஆனாலும் இந்த வாசலுக்கு இப்போது வந்துவிடாதீர்கள். முத்துமாரி உங்கள் வாயைத் திறந்துவிடட்டும்.

உங்கள்,
வேலம்மா